முட்டிக்கொண்டு வரும்போது ஓடாதீர்கள்

சிங்கப்பூரின் உட்லண்ட்ஸ் கடற்பாலத்தில் பேருந்து நகராமல் நிற்கிறது, சிறுநீர் முட்டுகிறது. தாதியாக இருப்பவள் சொல்கிறேன்: அந்த நேரத்தில் சிறுநீர்ப்பை நிரம்பி வழிவதில்லை. 150 முதல் 200 மில்லி சேர்ந்ததுமே முதல் உணர்வு வந்துவிடும். பெரியவர்களுக்கு 400, 500 வரை பிடிக்கும். பையின் சுவர் இழுபட்டதும் தண்டுவடம் வழியே மூளைக்குச் செய்தி போகிறது. இடம் பொருள் பார்த்து "இப்போது வேண்டாம்" என்று தடுப்பது மூளையின் முன்பகுதி. அவசரம் ஏறும், உச்சம் தொடும், இறங்கும். உச்சத்தில் ஓடினால் வயிற்றின் அழுத்தம் பைமேல் விழுந்து கசியும்.

ஆகவே நின்றுவிடுங்கள், இடம் இருந்தால் உட்காருங்கள். காற்றுப் பிரிவதை அடக்குவதுபோல் அடித்தசையை ஐந்தாறு முறை வேகமாக இறுக்கி, ஒவ்வொரு முறையும் முழுதாகத் தளர்த்துங்கள். மூச்சை அடக்கக் கூடாது, தொடையை இறுக்கக் கூடாது. இந்த இறுக்கம் பையின் தசையைச் சுருங்காமல் அடக்கும் அனிச்சைச் செயலைத் தூண்டும். மனத்துக்கும் வேலை கொடுங்கள்: 100லிருந்து ஏழு ஏழாகக் கழிக்கலாம். தணிந்த பிறகு சாதாரணமாக நடந்து கழிவறைக்குப் போங்கள்.

மேலே சொன்னதோடு இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மின்தூக்கியில் வரும்வரை ஒன்றுமில்லை, வீட்டுக் கதவில் சாவி போட்டதும் தாங்க முடியவில்லை என்பவர்கள் நிறைய. கதவையும் கழிவறையையும் மூளை சேர்த்துப் பழகிவிட்டது. சாவியை எடுக்கும் முன்பே தசையை இறுக்குங்கள். "எதற்கும் போய்விட்டு வருவோம்" என்று அடிக்கடி போவதும் கெடுதல். கொஞ்சம் சேர்ந்தாலே பை கூப்பிடப் பழகும். மூன்று நாள் சிறுநீர் போகும் நேரத்தையும் அளவையும் எழுதி, இடைவெளியைப் பதினைந்து பதினைந்து நிமிடமாகக் கூட்டுங்கள். கோப்பி, தே இரண்டையும் குறைக்கலாம். தண்ணீரைக் குறைக்காதீர்கள், இந்த வெயிலில் சிறுநீர் அடர்ந்து பையை இன்னும் உறுத்தும்.

வயதான ஆண்களுக்காக ஒன்று. புரோஸ்டேட் (சிறுநீர்ப்பைக்குக் கீழே உள்ள சுரப்பி) வீக்கம் உள்ளவர்களுக்கு மூக்கடைப்பு மாத்திரை சிலவற்றால் சிறுநீர் அடைத்துக்கொள்ளும். முட்டுகிறது, சொட்டுகூட வரவில்லை, அடிவயிறு உப்பி வலிக்கிறது என்றால் இந்தப் பயிற்சி எதுவும் வேண்டாம். உடனே மருத்துவமனையின் அவசரப் பிரிவு. எரிச்சலோ இரத்தமோ இருந்தால் பலதுறை மருந்தகத்தில் காட்டுங்கள். கூடவே காய்ச்சலும் நடுக்கமும் வந்தால் அன்றைக்கே.