புதுப்பிப்பு: பழைய ஹார்ட் டிஸ்க்கில் கிடந்த பாட்காஸ்ட்கள்

2005-இல் இறக்கிவைத்த அமெரிக்க பாட்காஸ்ட்கள் இருந்த ஹார்ட் டிஸ்க் திறக்கவில்லை, என்ன செய்யலாம் என்று போன மாதம் கேட்டிருந்தேன். வழி சொன்ன எல்லோருக்கும் நன்றி. 41 கோப்புகள் மீண்டுவிட்டன!

விஸ்கான்சின் பண்ணை வீடு ஒன்றிலிருந்து ஒரு தம்பதி 2004-இல் தொடங்கிய 'டான் அண்ட் ட்ரூ ஷோ'வும் அதில் இருக்கிறது. எழுதிவைத்துப் படிக்காத, வாய்க்கு வந்த பேச்சு. கெட்ட வார்த்தையும் உண்டு. பக்கத்து வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து கேட்கிற நெருக்கம் அதில் இருக்கிறது. இன்றைய ஸ்டுடியோ பாட்காஸ்ட்களில் எனக்கு அது கிடைப்பதில்லை.

அப்புறம், ஒரு விஷயம் தெரிந்துகொண்டேன். பாட்காஸ்டின் அத்தியாயங்களைப் பட்டியலிட்டுக் காட்டும் இணையக் கோப்புக்கு ஆர்எஸ்எஸ் (RSS) ஓடை என்று பெயர். பல ஓடைகளில் கடைசிச் சில அத்தியாயங்கள் மட்டுமே நிற்கும், பழையவை பட்டியலிலிருந்தே விழுந்துவிடும். ஆனால் பழைய இணையப் பக்கங்களைச் சேமித்துவைக்கும் வேபேக் மெஷின் தளத்தில் அந்த ஓடையின் பழைய நகல் இருந்தால், எம்பி3 ஒலிக்கோப்பு போயிருந்தாலும் தலைப்பும் தேதியும் கோப்பின் பெயரும் கிடைக்கும். எதைத் தேடுவது என்றாவது தெரியும்.

உருவாக்கியவர்களிடம் கேட்டுவிட்டுத்தான் இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற இணைய நூலகத்தில் ஏற்றுவேன். 7 கோப்புகள் பாதியில் அறுந்து நிற்கின்றன. அவற்றின் முழுப் பதிவு உங்களிடம் இருக்கலாம்; பாட்டுக் கேட்கும் பழைய ஐபாட் (iPod) வைத்திருப்பவர்கள் தயவுசெய்து ஒருமுறை சார்ஜ் போட்டுப் பாருங்கள்.