பழைய சிட்காமும் புது சீசனும்: என்கோடிங்கில் பார்த்த சிக்கல்கள்

பழைய சீசன்களையும் பல வருஷம் கழித்து வந்த புது சீசனையும் ஒரே செட்டிங்கில் என்கோட் (சுருக்கி வீடியோ ஃபைலாக்குவது) பண்ணாதீர்கள். புதுசு பெரும்பாலும் 1920x1080, நொடிக்கு 23.976 ஃபிரேம், புரோகிரசிவ், அதாவது ஒவ்வொரு ஃபிரேமும் முழுப் படம். அதில் நோண்ட ஒன்றுமில்லை. அமெரிக்க டிவிடியில் வரும் பழசு 720x480, பல நேரம் இன்டர்லேஸ்டு, அதாவது ஒரு ஃபிரேமின் ஒற்றை வரிகள் ஒரு ஃபீல்டு, இரட்டை வரிகள் இன்னொரு ஃபீல்டு. டேப்பில் எடுத்ததா, ஃபிலிமில் எடுத்து டேப்புக்கு மாற்றியதா என்று முதலில் பாருங்கள்.

பிளேயரில் டிஇன்டர்லேஸை (ஃபீல்டுகளை முழு ஃபிரேமாக்கும் வசதி) அணைத்துவிட்டு, யாராவது கை வீசும் இடத்தில் நிறுத்தி ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்துங்கள். விஎல்சி பிளேயரில் அதற்கு ஈ கீ. மூன்று ஃபிரேம் சுத்தமாக இருந்து அடுத்த இரண்டில் சீப்புப் பல் மாதிரி கோடு வந்தால் ஃபிலிம், 3:2 புல்டவுன் (ஃபீல்டுகளைத் திரும்பப் போட்டு 23.976-ஐ 29.97 ஆக்குவது). அசைவு உள்ள எல்லா ஃபிரேமிலும் கோடு என்றால் டேப். கோடே இல்லையா? அப்படியே விட்டுவிடுங்கள்.

ஃபிலிமுக்கு எஃப்எஃப்எம்பெக் என்ற கன்வெர்ட்டரில் ஃபீல்டுமேட்ச் ஃபில்டர் (ஃபீல்டுகளைச் சரியாக ஜோடி சேர்க்கும்), அதன் பின் டெசிமேட் (திரும்ப வரும் ஃபிரேமை நீக்கும்). 29.97 திரும்ப 23.976 ஆகிவிடும். டேப்புக்கு பிடபிள்யூடிஐஎஃப் என்ற டிஇன்டர்லேஸ் ஃபில்டர் போட்டால் 59.94 கிடைக்கும்.

பதில்:
யாடிஃப் என்ற இன்னொரு டிஇன்டர்லேஸ் ஃபில்டர் போடுபவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. அதை டீஃபால்ட்டில் விட்டால் 29.97தான் தரும், பாதி அசைவு போச்சு. மோடை 1 என்று மாற்ற வேண்டும். பிடபிள்யூடிஐஎஃப் டீஃபால்ட்டிலேயே ஒவ்வொரு ஃபீல்டையும் ஒரு ஃபிரேமாக்கும்.

பதில்:
720x480-ல் பிக்சல் சதுரமில்லை. 4:3 படத்தை 640x480 ஆகக் காட்ட வேண்டும், இல்லாவிட்டால் எல்லோரும் கொஞ்சம் குண்டாகத் தெரிவார்கள். புது சீசனோடு பொருந்தட்டும் என்று 16:9-க்கு வெட்டுவது அதைவிட மோசம், உயரத்தில் கால் பங்கு காணாமல் போகும். 2021-ல் நெட்ஃப்ளிக்ஸில் சைன்ஃபெல்ட் என்ற பழைய சிட்காம் 16:9 ஆக வந்தபோது, சாலைக் குழியை வைத்தே நடக்கும் எபிசோடில் அந்தக் குழியே ஃபிரேமுக்கு வெளியே போனது. பக்கவாட்டில் கறுப்புப் பட்டை இருந்தால் இருக்கட்டுமே.

பதில்:
நிறத்தையும் கவனியுங்கள். நிறத்தை எண்ணாக்கும் தரம் டிவிடியில் பிடி.601, எச்டியில் பிடி.709. பழசை எச்டி அளவுக்குப் பெரிதாக்கி மேட்ரிக்ஸை (அந்த நிறக் கணக்கை) மாற்றாமல் விட்டால், பிளேயர் 709 என்று எடுத்துக்கொள்ளும். முகத்தின் நிறமும் சிவப்பும் பச்சையும் லேசாக மாறிவிடும். பெரிதாக்கும் வேலையை டிவியிடமே விடுவது மேல்.

பதில்:
கோடெக் விஷயத்தில், பழசுக்கு எக்ஸ்264 (எச்.264 என்கோடர்), சிஆர்எஃப் (தர அளவு, எண் குறைந்தால் தரம் கூடும்) 18, ஸ்லோ பிரீசெட் போதும். புதுசுக்கு எக்ஸ்265 (எச்.265 என்கோடர்), 10 பிட், சிஆர்எஃப் 20. வரவேற்பறைச் சுவர், மங்கலான விளக்கு இதெல்லாம் 8 பிட்டில் பட்டை பட்டையாகப் பிரியும். எக்ஸ்265-ன் டீஃபால்ட் சிஆர்எஃப் 28, அதை எக்ஸ்264-ன் 23-உடன் எண்ணுக்கு எண் ஒப்பிடாதீர்கள். 10 பிட்டை எச்.264-ல் மட்டும் போடவே வேண்டாம். டிவிகளின் ஹார்டுவேர் டீகோடர் பொதுவாக அதை எடுக்காது, குரல் வரும், படம் வராது.

அளவுக் கணக்கு: 22 நிமிடம் 1320 நொடி. 2 எம்பிபிஎஸ் என்றால் சுமார் 330 எம்பி, 5 என்றால் 825. ஃபிலிம் கிரெயின் (ஃபிலிமின் பொடிப் புள்ளிகள்) இருந்தால் சிஆர்எஃப்-ல் ஃபைல் பெருக்கும். அதற்காக, புள்ளிகளைத் துடைக்கும் டீநாய்ஸை ஏற்றினால் முகமெல்லாம் மெழுகு.

பதில்:
ஸ்ட்ரீமிங்கில் மட்டும் பார்ப்பவர்கள் கவனத்துக்கு: ஆண்ட்ராய்டில் வைட்வைன் (காப்பியைத் தடுக்கும் பூட்டு) எல்3 என்று காட்டும் கருவிக்குப் பெரிய சேவைகள் பொதுவாக எஸ்டிதான் அனுப்பும். எவ்வளவு வேக இணைப்பு இருந்தாலும் மாறாது. எல்1 வேண்டும். 4கே வராவிட்டால் நடுவில் இருக்கும் ஸ்பிளிட்டரோ ஏவி ரிசீவரோ எச்டிசிபி 2.2 (எச்டிஎம்ஐ வழியில் காப்பியைத் தடுக்கும் பூட்டு) ஏற்கிறதா என்று பாருங்கள்.

பதில்:
இன்னொன்று. புது சீசன் "டேப்பில் எடுத்த மாதிரி" வழுக்கிக்கொண்டு ஓடினால் ஃபைலைக் குறை சொல்லாதீர்கள். டிவியின் மோஷன் ஸ்மூத்திங்கை (நடுவில் புது ஃபிரேம்களைச் சேர்க்கும் வசதி) அணையுங்கள். எச்டிஎம்ஐ இன்புட் ஒவ்வொன்றுக்கும், உள்ளே இருக்கும் ஆப்புக்கும் தனித்தனியாக அணைக்க வேண்டியிருக்கும்.