அம்மா பார்க்க இந்திப் படங்கள்: முறையான வழி எது?

கேள்வி: அங் மோ கியோ வாசி, சிங்கப்பூர்

என் தாயார் மும்பை மாதுங்காவில் பிறந்து வளர்ந்தவர். வீட்டில் பேசியது தமிழே என்றாலும், அவருக்குப் படம் என்றால் அது இந்திப் படம்தான். மூன்று ஆண்டுகளுக்கு முன், "ஒருமுறை பணம் கட்டினால் போதும், எல்லாப் படமும் வரும்" என்று ஒரு கடையில் சொன்னதை நம்பி இணையவழிப் படம் காட்டும் ஒரு பெட்டியை வாங்கித் தொலைக்காட்சியில் பொருத்தினேன். அவர் தடுமாறக் கூடாது என்பதற்காக, ரிமோட்டில் தேவையான மூன்று பொத்தான்களின் மேல் மட்டும் சிவப்பு வில்லை ஒட்டியிருக்கிறேன். சென்ற மாதத்திலிருந்து பெட்டியின் நீல விளக்கு எரிகிறதே தவிர, திரையில் எதுவும் வருவதில்லை. புதுப்பிக்க வேண்டும் என்று கடைக்காரர் மறுபடியும் பணம் கேட்கிறார். உடன் வேலை செய்யும் ஒருவரோ, ஓர் இணையதளத்தைச் சொல்லி, அதிலுள்ள செயலியை இறக்கிக்கொண்டால் இலவசமாகவே பார்க்கலாம் என்கிறார். இவையெல்லாம் சட்டப்படி சரியா? சரியில்லை என்றால், பழைய படங்களையும் புதிய படங்களையும் அம்மா எங்கே பார்க்க முடியும்?

பதில் 1: பொங்கோல் வாசகர்

அந்தக் கடைக்காரருக்கு இனி ஒரு வெள்ளிகூடக் கொடுக்காதீர்கள். 2021 நவம்பரில் நடப்புக்கு வந்த புதிய பதிப்புரிமைச் சட்டத்தின்படி, திருட்டுப் படங்களைக் காட்டுவதற்கென்றே இத்தகைய பெட்டிகளை விற்பவருக்கு 100,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) வரை அபராதமோ, 5 ஆண்டு வரை சிறையோ, இரண்டுமோ விதிக்கப்படலாம். 2022 அக்டோபரில் மின்னணுப் பொருள் கடைத்தொகுதியான சிம் லிம் ஸ்குவேரில் காவல்துறை நடத்திய சோதனையில் 17 பேர் கைதானார்கள், 2,500க்கும் மேற்பட்ட பெட்டிகள் பறிமுதல் செய்யப்பட்டன. பெட்டிகள் திடீரென்று நின்றுபோவதற்கும் காரணம் உண்டு. இவற்றில் ஓடும் செயலிகள் சிலவற்றை முடக்குமாறு 2018இலேயே உயர் நீதிமன்றம் இணையச் சேவை நிறுவனங்களுக்கு உத்தரவிட்டிருக்கிறது. அதே ஆண்டில் திருட்டுப் படத் தளங்கள் 53 ஒரே உத்தரவில் தடுக்கப்பட்டன. தளம் பெயர் மாற்றிக்கொண்டு மீண்டும் வந்தால், புதிய முகவரியையும் தடுக்க இப்போது வழி இருக்கிறது.

சட்டத்தின் பிடி முதலில் விற்பவரையே இறுக்குகிறது. ஆனால் பதிவிறக்கியவரை யாரும் கண்டுகொள்ள மாட்டார்கள் என்று எண்ண வேண்டாம். 2015இல் ஒரு ஹாலிவுட் படத்தின் உரிமையாளர்கள், இங்குள்ள இணையச் சந்தாதாரர்களின் விவரங்களை நீதிமன்றத்தின் வழியாகப் பெற்று, இழப்பீடு கேட்டுக் கடிதம் அனுப்பினார்கள்.

எனக்கு இதைவிடப் பெரிய கவலை அந்தச் செயலிதான். இப்படிப்பட்ட தளம் ஒன்றை என் மாமா திறந்தபோது நான் அருகில் இருந்தேன். படத்தின் நடுவில் பெரிய முக்கோணப் பொத்தான் இருந்தது. அதைத் தொட்டதும் வேறொரு பக்கம் திறந்து, "இந்தக் கோப்பை நிறுவினால்தான் படம் ஓடும்" என்றது. நிறுவும்போது, படத்துக்குச் சற்றும் தொடர்பில்லாத குறுஞ்செய்திகளைப் படிக்க அனுமதி கேட்டது. வங்கி அனுப்பும் ஒருமுறைக் கடவுஎண் (ஓடிபி) அந்தக் குறுஞ்செய்திகளில் வரக்கூடும்.

பதில் 2: பழைய ஒளிநாடா

உங்கள் அம்மா விரும்புவது பழைய படங்கள் என்றால், அவற்றில் பெரும்பகுதிக்குப் பணமே தேவைப்படாது. ராஜ்ஸ்ரீ, ஷெமாரூ, அல்ட்ரா போன்ற நிறுவனங்கள், தாங்கள் உரிமை வைத்திருக்கும் முழுநீளப் படங்கள் பலவற்றைத் தங்கள் யூடியூப் அலைவரிசைகளில் தாங்களே ஏற்றியிருக்கின்றன. இடையிடையே விளம்பரம் வரும், அவ்வளவுதான். ஏற்றியவர் பெயரை மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். திருட்டுப் படியாக இருந்தால், தானியங்கிச் சோதனையில் சிக்காமல் இருக்கப் படத்தை இடவலமாகத் திருப்பியிருப்பார்கள், கடைப்பலகையின் எழுத்துகள் கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலம் மாறி இருக்கும். ஓரங்களை வெட்டியிருந்தால் நடிகரின் நெற்றிக்கு மேலே ஒன்றும் தெரியாது. சில படிகளில் குரலே மாறி, லதா மங்கேஷ்கர் பாட்டு கீச்சென்று ஒலிக்கும். அந்தக் குரலோடு வளர்ந்த ஒருவருக்கு அதைப் போட்டுக் காட்டுவது எனக்குப் பொறுக்கவில்லை.

புதிய படங்களுக்குக் கொஞ்சம் பொறுமை வேண்டும். தமிழ்ப் படங்கள் பலவும் நான்கு வாரத்தில் இணையத்துக்கு வந்துவிடுகின்றன. இந்திப் படங்களுக்கோ எட்டு வார இடைவெளி வேண்டும் என்பதில் இந்தியாவின் பெரிய திரையரங்குக் குழுமங்கள் உறுதியாக இருக்கின்றன. அதன்பிறகு அவை பெரும்பாலும் நெட்ஃபிளிக்ஸ், பிரைம் வீடியோ, ஜீ5 ஆகியவற்றில் ஏதாவது ஒன்றில் வரும். எல்லாவற்றுக்கும் ஒரே நேரத்தில் சந்தா கட்டாதீர்கள். ஒரு மாதம் ஒன்று, அடுத்த மாதம் வேறொன்று என்று மாற்றிக்கொள்ளலாம். காத்திருக்க மனமில்லாத படத்துக்குக் கோல்டன் வில்லேஜ் அல்லது ஷா திரையரங்குக்கு அழைத்துச் செல்லுங்கள். வார நாள்களில் மூத்தோருக்குச் சலுகைக் கட்டணம் உண்டு.

பதில் 3: தெம்பனிஸ் இரவுப்பணி

சந்தா கட்டியும் கிடைக்காத படங்களும் இருக்கின்றனவே? அதே நிறுவனம் இந்தியாவில் காட்டும் படத்தை, இங்கே தேடினால் இல்லை என்கிறது. காசு கொடுக்கத் தயாராக இருப்பவருக்கே வழி இல்லாதபோது, திருட்டுத் தளத்துக்குப் போகிறவரை மட்டும் குறை சொல்வது நியாயமாகப் படவில்லை.

பதில் 4: பழைய ஒளிநாடா

உங்கள் ஆதங்கம் நியாயமானது. உரிமத்தை நாடுவாரியாகப் பிரித்து விற்பதால் வரும் குறை இது. அப்படிப்பட்ட படத்தை ஆப்பிள் டிவியிலோ யூடியூபிலோ வாடகைக்குத் தேடிப் பாருங்கள், சில வேளைகளில் கிடைக்கும். அங்கும் இல்லாவிட்டால் விட்டுவிட வேண்டியதுதான் என்பதே என் முடிவு. என் தங்கை சென்னையில் இந்திப் படங்களுக்குத் தமிழ் வசனவரி எழுதுகிறாள். ஒரு படத்துக்கு இரண்டு வாரம் உட்கார்ந்து, பாத்திரம் பேசி முடிப்பதற்குள் படித்துவிடக்கூடிய சொல்லைத் தேடிக்கொண்டிருப்பாள். படம் வெளியான மறுநாளே அவள் எழுதிய வரிகள் ஒரு திருட்டுப் படியில் அப்படியே ஓடின. அன்று அவள் சாப்பிடவே இல்லை.

அங் மோ கியோ வாசி

அனைவருக்கும் மிக்க நன்றி. பெட்டியைக் கழற்றிவிட்டேன். நேற்று ராஜ்ஸ்ரீ அலைவரிசையில் அம்மா இரண்டு படங்கள் பார்த்தார். ஆனால் ஒரு சிக்கல்: நண்பர் சொன்ன அந்தச் செயலியை என் மகன் சென்ற வாரமே அம்மாவின் கைப்பேசியில் நிறுவிவிட்டானாம். நீக்கினால் மட்டும் போதுமா?

பதில் 5: பொங்கோல் வாசகர்

போதாது. முதலில் அந்தக் கைப்பேசியை விமானப் பயன்முறைக்கு மாற்றிவிட்டுச் செயலியை நீக்குங்கள். பிறகு உங்கள் கைப்பேசியிலிருந்து அம்மாவின் வங்கியை அழைத்து, கணக்கில் பணம் வெளியேறியிருக்கிறதா என்று கேட்டு, கடவுச்சொல்லை மாற்றச் சொல்லுங்கள். ஐயம் இருந்தால் 1799 என்ற ஸ்கேம்ஷீல்டு மோசடித் தடுப்பு உதவி எண்ணை எந்த நேரத்திலும் அழைக்கலாம். இதையெல்லாம் முடிக்கும்வரை அவர் அந்தக் கைப்பேசியில் வங்கிச் செயலியைத் திறக்க வேண்டாம். இன்றே செய்துவிடுங்கள்.