உடல்நலத்தையும் மனநலத்தையும் ஒரே எண்ணில் அளக்கலாமா?

கேள்வி (ஏற்காடு):
காப்பித் தோட்டத்தில் பழம் பறிக்கும் பெண்களுக்கு மூன்று மாதம் மூச்சுப்பயிற்சி கற்பிக்கவிருக்கிறோம். அதன் பயனை அறிய உலக சுகாதார நிறுவனத்தின் 5 கேள்விப் படிவம் போதுமா, 26 கேள்விப் படிவம் வேண்டுமா?

செவ்வாய்ப்பேட்டை வாசகி:
ஐயா, சிறிய படிவம் கடந்த இரண்டு வார மனநிலையைக் கேட்டு, 25க்குக் கிடைத்த கூட்டுத்தொகையை 4ஆல் பெருக்கி நூற்றுக்கு இவ்வளவு என்று சொல்லிவிடும். விரைவானதுதான், ஆனால் முதுகுவலி குறைந்ததா என்பது அதில் தெரியாது. பெரியது உடல், உள்ளம், சமூக உறவு, சூழல் என்ற நான்கு களங்களுக்கும் தனித்தனி மதிப்பெண் தருகிறது. நான்கையும் கூட்டிச் சராசரி எடுத்துவிடாதீர்கள்; எதில் மாற்றம் என்பதே மறைந்துவிடும்.

அஸ்தம்பட்டி வாசகர்:
அம்மா சொல்வது சரி. பெரிய படிவத்தில் 3, 4, 26ஆம் கேள்விகளுக்கு மட்டும் அதிக எண் என்றால் நலம் குறைவு என்று பொருள்; அதனால் அவற்றின் விடையை (1 முதல் 5 வரை) 6இலிருந்து கழித்த பிறகே கூட்ட வேண்டும். நான் ஒருமுறை இதை மறந்து, வலியால் முடங்கியவர்களை நலமானவர்களாகக் காட்டிவிட்டேன். மேலும், வலி உங்கள் வேலையைத் தடுக்கிறதா என்று கேட்டபோது ஒரு மூதாட்டி, “வலிக்காத நாள் ஏது சாமி, அதுக்காகக் கூடையை இறக்கி வச்சிட முடியுமா?” என்று சொல்லி, ‘இல்லவே இல்லை’ என்பதைக் காட்டினார். படிவத்தின்படி அவருக்குக் குறையே இல்லை! அவர் சொன்னதையும் ஓரத்தில் எழுதி வைத்தேன்.

கேள்வி கேட்டவர்:
நன்றி. பறிப்புக் காலத்தில் ஒருமுறையும் ஓய்வுக் காலத்தில் மறுமுறையும் அளக்கலாமா?

செவ்வாய்ப்பேட்டை வாசகி:
வேண்டாம் ஐயா, வேலை குறைந்ததால் வந்த நிம்மதி பயிற்சியின் கணக்கில் ஏறிவிடும். பயிற்சி பெறாத சிலரிடமும் அதே நாட்களில் கேளுங்கள்.