மறு: காலத்தையும் கதையையும் வளைக்கும் மொழிக்கு ஒரு சொல் – ‘வனைமொழி’ சரிப்படுமா?

நண்பர்களுக்கு வணக்கம்.

இந்த இழையை முதலிலிருந்து இப்போதுதான் ஒரே மூச்சில் படித்து முடித்தேன். கேள்வி எளிமையானது. நண்பர் ஒருவர் எழுதும் நாவலில் ஒரு கற்பனை உலகம், அதில் பூசாரிகள் மட்டும் பேசும் ஒரு மொழி, அதில் ஒன்றைச் சொன்னால் அது நடந்துவிடும், நடந்ததை மாற்றிச் சொன்னால் நடந்ததே மாறிவிடும். இந்த வகை மொழிக்குத் தமிழில் ஒரே சொல்லில் பெயர் வேண்டும். இருபது மடல்களுக்கு அப்புறமும் பெயர் கிடைக்கவில்லை, சண்டைதான் கிடைத்திருக்கிறது.

> காலக்கதைப் புனித ஆக்கமொழி என்று வைக்கலாமே?

இது பெயரில்லை, விளக்கம். நாவலில் ஒரு பாத்திரம் பயந்துபோய் இன்னொரு பாத்திரத்திடம் “அவனுக்குக் காலக்கதைப் புனித ஆக்கமொழி தெரியும்” என்று சொல்வதை நினைத்துப் பாருங்கள். அந்த வாக்கியம் முடிவதற்குள் பயம் போய்விடும்.

> செயற்கை மொழி?

‘செயற்கை’ இப்போது நுண்ணறிவுக்குப் போய்விட்டது. செயற்கை மொழி என்று எழுதினால் கணினி பேசுவதாகத்தான் படிப்பவர் நினைப்பார். பொதுவாக ஒருவர் உட்கார்ந்து கட்டிய மொழிக்கு, அதாவது கான்லாங்குக்கு, ‘புனைமொழி’ போதும் என்பது என் கருத்து. புனைகதை, புனைபெயர் எல்லாம் பழகிய சொற்கள். ஆனால் அது பொதுப்பெயர். எஸ்பெராண்டோவும் புனைமொழிதான், அதைப் பேசி யாரும் நேற்றை மாற்றியதில்லை.

அடுத்து மறைமொழி, நிறைமொழி. இரண்டையும் முன்வைத்தவர்களுக்கு நன்றி, இழையில் இதுவரை வந்ததிலேயே நல்ல யோசனை அதுதான். தொல்காப்பியச் செய்யுளியல் “நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப” என்கிறது. குறள் 28-க்கு உரை சொல்லும்போது பரிமேலழகர் நிறைமொழியை, அருளிச் சொன்னாலும் சினந்து சொன்னாலும் அந்தந்தப் பயனைத் தந்தே தீரும் மொழி என்று விளக்குகிறார். சொன்னால் நடக்கும் மொழி என்ற கருத்து நம்மிடம் ஏற்கெனவே இருக்கிறது, வெளியிலிருந்து கொண்டுவர வேண்டியதில்லை. இருந்தும் அந்தச் சொல்லையே எடுத்துக்கொள்ள எனக்குத் தயக்கம். நிறைமொழி என்பது ஒரு மனிதரின் வாக்குக்கு இருக்கும் தன்மை. அவர் தமிழில் சொன்னாலும் பலிக்கும், வேறு எதில் சொன்னாலும் பலிக்கும். நாம் பேசுவது இலக்கணமும் சொற்களும் கொண்ட தனி மொழி ஒன்றைப் பற்றி. அதில் ஆற்றல் ஆளிடம் இல்லை, மொழியில் இருக்கிறது. திருடன் கற்றுக்கொண்டாலும் வேலை செய்யும், கதையே அங்கேதான் சூடு பிடிக்கிறது. மறைமொழியில் வேறு சிக்கல்: கணினிக்காரர்கள் மறையாக்கம், மறைக்குறி என்று அந்த வேரைப் பிடித்துக்கொண்டுவிட்டார்கள்.

சரி, உண்மையில் மனிதர்கள் கட்டிய புனித மொழிகள் எப்படி இருந்தன என்று பார்ப்பது உதவும். 12ஆம் நூற்றாண்டில் ஜெர்மனியில் பிங்கனின் ஹில்டெகார்ட் என்ற துறவி ‘லிங்குவா இக்னோட்டா’ என்று ஒன்றை உருவாக்கினார். ஏறத்தாழ 1,000 சொற்கள், தனியாக 23 எழுத்துகள். கடவுளில் தொடங்கி வானவர், மனிதர், மரம், பறவை என்று இறங்கிப் பூச்சியில் முடியும் பட்டியல். கிட்டத்தட்ட எல்லாமே பெயர்ச்சொற்கள்! “பெயர்நிலைக் கிளவி காலம் தோன்றா” என்பது நம் விதி. ஆக அந்த மொழியால் உலகத்துக்குப் பெயர் சூட்ட முடியும், காலத்தைத் தொட முடியாது. 1580களில் இங்கிலாந்தின் ஜான் டீயும் எட்வர்ட் கெல்லியும் தேவதூதர்கள் சொன்னதாக ஒரு மொழியை எழுதிவைத்தார்கள். அதில் ‘அழைப்பு’ எனப்படும் மந்திரங்களில் முதலாவது கடைசி எழுத்திலிருந்து பின்னோக்கிச் சொல்லப்பட்டது, நேராகச் சொன்னால் ஆபத்து என்பதால். நாவல் எழுதும் நண்பர் இதைக் குறித்துக்கொள்ளலாம்.

எனக்கு எல்லாவற்றையும்விடப் பிடித்தது ஆஸ்திரேலியாவின் மார்னிங்டன் தீவில் லார்டில் மக்களின் ‘டாமின்’. சடங்கு முடித்த ஆண்களுக்கு மட்டும் கற்பிக்கப்பட்ட மொழி, சில நூறுகூடத் தேறாத சொற்கள், ஆனால் இலக்கணம் லார்டிலுடையது. அந்த லார்டிலில் வினை எதிர்காலமானால் செயப்படுபொருளும் எதிர்கால உருபை ஏற்கும். ‘மீனைப் பிடிப்பேன்’ என்றால் மீனே எதிர்கால மீன். தொல்காப்பியர் பார்த்திருந்தால் என்ன சொல்லியிருப்பார் தெரியவில்லை.

இப்போது என் முன்மொழிவு: வனைமொழி.

வனைதல் என்றால் மண்ணைப் பிடித்து உருவாக்குதல். ஓவியம் தீட்டுவதற்கும் அழகுபடுத்துவதற்கும்கூட அந்தச் சொல் உண்டு. புறநானூறு 32-இல் கோவூர் கிழார், குயவர் பிள்ளைகள் சக்கரத்தில் வைத்த பச்சை மண் அவர்கள் நினைத்த உருவம் ஆவதுபோல இந்த நாடு சோழன் நலங்கிள்ளி நினைத்தபடி ஆகும் என்கிறார். நமக்கு வேண்டிய படிமம் அப்படியே இருக்கிறது: சுழலும் சக்கரம், ஈர மண், ஒருவன் நினைப்பு.

ஆனால் நான் இதைப் பிடித்துத் தொங்குவதற்குக் காரணம் படிமம் இல்லை, இலக்கணம். வனைமொழி ஒரு வினைத்தொகை. வனைந்த மொழி, வனைகின்ற மொழி, வனையும் மொழி மூன்றும் அதற்குள் ஒளிந்திருக்கின்றன, வளர்பிறை மாதிரி. “காலம் கரந்த பெயரெச்சம் வினைத்தொகை” என்று நன்னூல் சொல்வதைப் பள்ளியில் மனப்பாடம் செய்தபோது இப்படி ஒரு நாள் பயன்படும் என்று நினைக்கவில்லை. முக்காலத்தையும் கையில் வைத்திருக்கும் மொழிக்குப் பெயரும் முக்காலத்தை மறைத்துவைத்திருந்தால் அதைவிடப் பொருத்தம் என்ன வேண்டும்? (புனைமொழியும் வினைத்தொகைதானே என்று கேட்பீர்கள். ஆமாம். அதனால்தான் இரண்டும் அக்காள் தங்கைபோல ஒலிக்கின்றன, பொதுவுக்கு ஒன்று, சிறப்புக்கு ஒன்று.)

> அந்த மொழி எப்படி இயங்கும் என்பதற்கும் தமிழில் சொல் கிடைக்குமா?

கிடைக்கும். காலவழுவமைதி, அதாவது காலத்தை மாற்றிச் சொல்லும் வழுவை (பிழையை) இலக்கணம் ஏற்றுக்கொள்வது. இன்னும் வீட்டைவிட்டே கிளம்பாதவர் தொலைபேசியில் “இதோ வந்துட்டேன்” என்கிறார் இல்லையா, விரைவு கருதி அதை நம் இலக்கணம் மன்னிக்கிறது. எறும்பு முட்டையோடு மேட்டுக்கு ஏறுவதைப் பார்த்ததுமே ‘மழை பெய்தது’ என்றாலும் தெளிவு கருதி ஒப்புக்கொள்கிறது. வனைமொழியில் இதே வழு ஆணையாகிவிடுகிறது. உயிரோடு இருக்கும் அரசனைப் பார்த்து ‘இறந்தான்’ என்று இறந்தகாலத்தில் சொன்னால் இறந்திருப்பான். இதற்குத் தனியாக ‘வனைவழு’ என்று ஒரு சொல் வைத்துக்கொள்ளலாம். ஒரு கதைக்குள் நடந்ததைத் திருத்திச் சொல்வதற்கு ‘மறுவனைவு’. பேசுபவரை ‘வனைஞர்’ எனலாம், வனைமொழியர் என்பது நீளம்.

ஒரு குறை எனக்கே தெரிகிறது. வனைமொழி என்ற சொல்லில் ‘புனிதம்’ இல்லை. சொல்லுக்குள் எல்லாவற்றையும் திணிக்க வேண்டியதில்லை என்பேன், பூசாரி பேசுகிறார் என்றால் படிப்பவருக்குப் புரிந்துவிடும். அதுவும் வேண்டும் என்று அடம்பிடிப்பவர்கள் ‘திருவனைமொழி’ என்று எழுதிக்கொள்ளட்டும், எனக்கு அது ஊர்ப்பெயர்போல ஒலிக்கிறது.

‘மனைமொழி’ என்று தட்டச்சுப் பிழை வரும் என்று யாரோ எழுதியிருந்தீர்கள். வரும்தான். பிழைதிருத்தியின் அகராதியில் சேர்த்துவிடுகிறேன்.