அவசர உதவி: சென்ட்ரல் லாக் பூட்டியதும் தானாகவே திறந்துகொள்கிறது

சேலத்துச்சக்கரம் | வெள்ளி, மாலை 6:12

வணக்கம். வண்டியில் எல்லாக் கதவையும் ஒன்றாகப் பூட்டும் சென்ட்ரல் லாக் பெரும் தொல்லை செய்கிறது. பூட்டினால் மறுநொடியே எல்லாக் கதவும் திறந்துகொள்கின்றன. ஓடிக்கொண்டிருக்கும்போதும் திடீரென்று டக்கென்று கதவுகளின் பூட்டுக் குமிழ்கள் மேலே எழுகின்றன. நாளை விடியற்காலை அப்பா, அம்மா, குழந்தையோடு பழனிக்குக் கிளம்ப வேண்டும். வழக்கமாகப் பார்க்கும் எலக்ட்ரீஷியன் ஊரில் இல்லை. என்ன பழுது, எப்படிச் சரிசெய்வது? தெரிந்தவர்கள் உடனே சொல்லுங்கள்.

கரூர்வாசி | மாலை 6:20

என்ன வண்டி, எந்த ஆண்டு? கம்பெனியிலிருந்தே வந்த லாக்கா, கடையில் பொருத்தியதா? ரிமோட் உண்டா, சாவி மட்டும்தானா? இவை தெரியாமல் எதுவும் சொல்ல முடியாது சார்.

பன்னிரண்டுவோல்ட் | மாலை 6:24

பேட்டரியைப் பாருங்கள். எஞ்சின் அணைந்த நிலையில் 12.6 வோல்ட் இருக்க வேண்டும், ஓடும்போது 13.8 முதல் 14.4 வரை. பேட்டரி சோர்ந்தால் இப்படிப்பட்ட சின்ன டப்பாக்கள் எல்லாம் புத்தி தடுமாறும். பத்தில் ஒன்பது வண்டிகளில் இதுதான் காரணம்.

மழைக்காலம் | மாலை 6:31

இந்த வாரம் சேலத்தில் நல்ல மழை. கதவுக் கண்ணாடியின் ரப்பர் பட்டை காய்ந்திருந்தால் தண்ணீர் நேராக உள்ளே இறங்கி லாக்கின் மோட்டாரை நனைத்துவிடும். கதவின் அடியில் தண்ணீர் வடியும் துளைகள் உண்டு. அவை மண்ணால் அடைபட்டிருக்கின்றனவா என்று ஒரு குச்சியால் குத்திப் பாருங்கள்.

மூத்தஓட்டுநர் | மாலை 6:45

கேள்வி கேட்பதற்கும் ஒரு முறை இருக்கிறது. "வயிறு வலிக்கிறது, மருந்து சொல்லுங்கள்" என்றால் எந்த மருத்துவர் சொல்வார்? வண்டியின் பெயரைக்கூட எழுதாமல் அவசரம் என்றால் எப்படி? இதே கேள்விக்குப் பலமுறை பதில் எழுதிவிட்டேன். தேடிப் படிக்க யாருக்கும் பொறுமை இல்லை. எதுவாக இருந்தாலும் எர்த் பழுதுதான், அதாவது பேட்டரியின் மைனஸோடு சேர்ந்த வண்டித் தகட்டு இணைப்பின் பழுது. எர்த் ஒயரைக் கழற்றி, துருவைச் சுரண்டி, மறுபடி இறுக்கிவிட்டு வாருங்கள்.

சேலத்துச்சக்கரம் | மாலை 6:58

மன்னிக்க வேண்டும் ஐயா, பதற்றத்தில் எழுதினேன். மாருதி 800 ஏசி, 2004. முன்பு வைத்திருந்தவர் கடையில் லாக் போட்டிருக்கிறார். ரிமோட் இல்லை, ஓட்டுநர் கதவில் சாவி போட்டால் மற்றக் கதவுகளும் பூட்டிக்கொள்ளும். பேட்டரி போன தீபாவளிக்குத்தான் மாற்றினேன். காலையில் ஒரே சுழற்றில் எஞ்சின் பிடிக்கிறது.

கரூர்வாசி | மாலை 7:05

நல்லது. கடையில் பொருத்திய லாக் என்றால் பழுது பிடிப்பது சுலபம். ஓட்டுநர் கதவை அகலத் திறந்து வைத்து, கையாலேயே குமிழை அழுத்திப் பாருங்கள். பூட்டு நிற்கிறதா, திரும்பத் திறக்கிறதா? அடுத்து, கதவைச் சாத்திவிட்டு உள்ளே உட்கார்ந்து அதையே செய்யுங்கள். நான்கு கதவும் ஒன்றுபோல வேலை செய்கின்றனவா என்பதையும் பாருங்கள்.

சேலத்துச்சக்கரம் | மாலை 7:22

பார்த்துவிட்டேன் அண்ணா. கதவு திறந்திருந்தால் பூட்டு நிற்கிறது. சாத்தினால் உடனே திறந்துகொள்கிறது. பின்பக்க இடது கதவில் டக் என்று சத்தம் மட்டும் வருகிறது, குமிழ் அசையவில்லை.

நான்காவதுகியர் | மாலை 7:26

அண்மையில் ஓட்டுநர் கதவை யாராவது பிரித்தார்களா?

சேலத்துச்சக்கரம் | மாலை 7:29

ஆமாம். கண்ணாடி ஏற்றி இறக்கும் ரெகுலேட்டர் உடைந்துபோய்ப் போன வாரம் மாற்றினோம். அதற்கும் லாக்குக்கும் என்ன தொடர்பு? கண்ணாடி இப்போது நன்றாக ஏறுகிறது.

நான்காவதுகியர் | மாலை 7:33

இதை முதலிலேயே எழுதியிருந்தால் நாம் பேட்டரி வரை போயிருக்க வேண்டியதில்லை தம்பி. தொடர்பு நிச்சயம் இருக்கிறது.

கரூர்வாசி | மாலை 7:51

சக்கரம் சார், முதலில் நாளைய பயணம். டேஷ்போர்டின் அடியில், ஓட்டுநர் கால் பக்கம், சோப்புப் பெட்டி அளவில் ஒரு டப்பா இருக்கும். அதுதான் லாக்கைக் கட்டுப்படுத்தும் மாட்யூல். அதற்கு மின்சாரம் வரும் சிவப்பு ஒயரில் தனியாக ஒரு ஃபியூஸ் இருக்கும், பெரும்பாலும் 10 அல்லது 15 ஆம்பியர். அதைப் பிடுங்கிவிடுங்கள். லாக் செத்துவிடும், கதவுகள் பழையபடி சாவிக்கும் குமிழுக்கும் கட்டுப்படும். பின்கதவுகளின் ஓரத்தில் இருக்கும், கதவை உள்ளிருந்து திறக்க விடாத சைல்டு லாக் நெம்புகோலையும் பூட்டும் பக்கம் தள்ளிவிடுங்கள். குழந்தையை நம்பிக்கையோடு உட்கார வைக்கலாம். ஏறியதும் நான்கு குமிழ்களையும் கையால் அழுத்த மறக்காதீர்கள்.

இனிப் பழுது. இந்த வகை லாக்கில் ஒவ்வொரு கதவிலும் பூட்டை இழுத்துத் தள்ளும் மோட்டார் பெட்டி உண்டு, அதுதான் ஆக்சுவேட்டர். ஓட்டுநர் கதவின் ஆக்சுவேட்டரில் மட்டும் ஐந்து ஒயர்கள், மற்றவற்றில் இரண்டிரண்டு. ஐந்தில் இரண்டு மோட்டாருக்கு. மீதி மூன்று அதற்குள் இருக்கும் சின்ன சுவிட்சுக்கு: ஒன்று எர்த், ஒன்று "பூட்டு", ஒன்று "திற". குமிழ் கீழே போனதும் "பூட்டு" ஒயர் எர்த்தைத் தொடும். மாட்யூல் அதைப் பார்த்து நான்கு மோட்டார்களுக்கும் ஒரு நொடிக்கும் குறைவான நேரம் 12 வோல்ட் தரும். திறக்கும்போது அதே இரண்டு ஒயர்களில் பிளஸ், மைனஸ் இடம் மாறும்.

இங்கேதான் கவனிக்க வேண்டும். "திற" ஒயருக்கு எர்த் கிடைத்தால் போதும், மாட்யூல் திறந்துவிடும். அந்த எர்த் சுவிட்சிலிருந்து வந்ததா, வண்டியின் தகட்டிலிருந்து வந்ததா என்று அதற்குத் தெரியாது. உங்கள் வண்டியில் அந்த ஒயரின் தோல் எங்கோ உரிந்து, கதவு சாத்தும்போது தகட்டில் படுகிறது. பள்ளத்தில் ஏறி இறங்கும்போதும் பட்டு எடுக்கிறது. பூட்டியதும் திறப்பது, ஓடும்போது திறப்பது இரண்டுக்கும் அது ஒன்றே காரணம்.

எங்கே உரிந்திருக்கும்? கடைக்காரர்கள் கதவிலும், கதவின் கீல் மாட்டியிருக்கும் தூணிலும் துளை போட்டு ஒயரைக் கொண்டுபோவார்கள். துளையின் விளிம்பு கத்திபோல இருக்கும். அதில் விளிம்பை மூடும் ரப்பர் வளையம், அதாவது கிராமெட், போட்டிருக்க வேண்டும். பலர் போடுவதில்லை, போட்டிருந்தாலும் ரெகுலேட்டர் மாற்றும்போது ஒயரை இழுத்ததில் நழுவியிருக்கும்.

மூத்தஓட்டுநர் | இரவு 8:04

நான் ஒரு வரியில் சொன்னதைத்தான் இவர் இத்தனை நீளத்துக்கு எழுதியிருக்கிறார். எர்த் என்று நான் சொன்னேனே.

கரூர்வாசி | இரவு 8:10

இல்லை ஐயா. எர்த் ஒயர் விட்டுப்போயிருக்கிறது, சுரண்டி இறுக்குங்கள் என்றீர்கள். சுவிட்சின் எர்த் விட்டுப்போனால் குமிழை அழுத்தினாலும் மாட்யூலுக்குச் செய்தியே போகாது; மற்றக் கதவுகள் அசையாது. இங்கே வேண்டாத இடத்தில் எர்த் வந்து சேர்ந்திருக்கிறது. உங்கள் வழியில் போனால் நல்ல இணைப்பைக் கழற்றிப் புதிய பழுதைத்தான் உண்டாக்குவார்.

பன்னிரண்டுவோல்ட் | இரவு 8:13

எதற்கும் பேட்டரி முனைகளையும் ஒருமுறை பார்த்துவிடட்டும்.

நான்காவதுகியர் | இரவு 8:15

பேட்டரி சோர்வு என்றால் கதவு திறந்திருக்கும்போதும் அதே தொல்லை வர வேண்டும். வரவில்லை என்று அவர் தெளிவாக எழுதியிருக்கிறார்.

சேலத்துச்சக்கரம் | இரவு 8:40

ஃபியூஸைப் பிடுங்கிவிட்டேன். சத்தமே இல்லை. வந்த பிறகு மற்றதைப் பார்க்கிறேன். எப்படிச் சோதிப்பது என்று எழுதி வையுங்கள் அண்ணா.

கரூர்வாசி | இரவு 9:17

எழுதுகிறேன். மின் இணைப்பைச் சோதிக்கும் ஒரு மல்டிமீட்டரும் இன்னோர் ஆளும் வேண்டும். ஃபியூஸ் வெளியிலேயே இருக்கட்டும். மாட்யூலின் செருகியைப் பிடுங்கி, ஓட்டுநர் கதவிலிருந்து வரும் சுவிட்ச் ஒயர்களைக் கண்டுபிடியுங்கள். கடையில் பொருத்தும் பெரும்பாலான லாக் கிட்களில் பச்சையும் நீலமும் மோட்டாருக்கு. வெள்ளை, பழுப்பு, கறுப்பு சுவிட்சுக்கு. ஆனால் நிறத்தை நம்பிவிடாதீர்கள். மீட்டரை, இரு முனைகளுக்கும் தொடர்பு கிடைத்தால் பீப் ஒலிக்கும் இடத்தில் வைத்து, குமிழை ஏற்றி இறக்கி எது எதனோடு சேர்கிறது என்று பாருங்கள்.

பிறகு குமிழைக் கீழே அழுத்திவிட்டு, மீட்டரின் ஒரு முனையைத் "திற" ஒயரிலும் மற்றதைப் பெயிண்ட் இல்லாத தகட்டிலும் வையுங்கள். ஒலிக்கக் கூடாது. நீங்கள் உள்ளே உட்கார்ந்திருக்க, வெளியே நிற்பவர் கதவை மெல்ல மெல்லச் சாத்தட்டும். பாதியில் பீப் என்றால் பழுது கீல் பக்கம்தான். கதவு அசையாதபோதும் ஒலித்தால் ஒயர் கதவின் உள்ளே நசுங்கியிருக்கிறது, அல்லது சுவிட்சே ஒட்டிக்கொண்டிருக்கிறது.

கதவு அட்டையைக் கழற்ற வேண்டியிருந்தால், கண்ணாடிக் கைப்பிடியை ஸ்க்ரூடிரைவரால் நெம்பாதீர்கள். அதன் பின்னால் வளைந்த கம்பி கிளிப் ஒன்று பிடித்திருக்கும். கைப்பிடிக்கும் பிளாஸ்டிக் வளையத்துக்கும் நடுவே பழைய துணிக் கீற்று ஒன்றை நுழைத்து, இரண்டு நுனிகளையும் பிடித்து முதுகு தேய்ப்பதுபோல மாற்றி மாற்றி இழுங்கள். துணியின் நூல் கிளிப்பின் முனையைக் கொக்கிபோட்டு வெளியே இழுத்துவிடும். கிளிப் தெறிக்கும்; மற்றொரு கையால் மறைத்துக்கொள்ளுங்கள். அட்டையின் பின்னால் ஒட்டியிருக்கும் பிளாஸ்டிக் தாளைக் கிழிக்காமல் எடுத்து அப்படியே திரும்ப ஒட்டுங்கள். மழைத் தண்ணீர் வண்டிக்குள் வராமல் தடுப்பது அதுதான்.

பின் இடது கதவில் சத்தம் வருவதால் மோட்டாருக்கு மின்சாரம் போகிறது. மோட்டார் கம்பியையும் லாக் கம்பியையும் சேர்க்கும் சின்னக் கிளாம்ப் தளர்ந்திருக்கும். அதில் இரண்டு ஸ்க்ரூக்கள், இறுக்கினால் முடிந்தது. அதற்குப் பிறகும் குமிழ் அசையாவிட்டால் மோட்டாரின் பிளாஸ்டிக் பல் தேய்ந்திருக்கும். அந்த ஒன்றை மட்டும் மாற்றினால் போதும். நான்கையும் மாற்றச் சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள்.

ரேடியோக்கடை | இரவு 9:40

உரிந்த இடத்தை வெட்டி, ஈயம் உருக்கிச் சால்டர் வைத்து, மேலே சூடு காட்டினால் சுருங்கி இறுகும் ஹீட் ஷ்ரிங்க் ஸ்லீவ் போட்டுவிட்டால் ஆயுளுக்கும் கவலையில்லை. முறுக்கி டேப் ஒட்டுவதை மட்டும் செய்யாதீர்கள். கோடையில் டேப்பின் பசை உருகி வழிந்து, ஒயர் மறுபடி வெளியே வந்துவிடும்.

நான்காவதுகியர் | இரவு 9:52

டேப் பற்றிச் சொன்னது சரி. ஆனால் கீல் பக்கத்தில் சால்டர் கூடவே கூடாது. உருகிய ஈயம் செம்பு இழைகளுக்குள் ஏறி அந்த இடத்தைக் கம்பிபோல விறைப்பாக்கிவிடும். கதவைத் திறந்து மூடும்போதெல்லாம் விறைத்த பகுதி முடியும் இடத்திலேயே வளைந்து வளைந்து சில மாதங்களில் ஒடியும். ஒயர்மேல் உலோகக் குழலை நசுக்கி இறுக்கும் கிரிம்ப் இணைப்புதான் சரி.

ரேடியோக்கடை | இரவு 10:01

பல ஆண்டுகளாக வண்டி ஒயரிங் வேலை செய்கிறேன். நான் சால்டர் வைத்த எதுவும் திரும்பி வந்ததில்லை. நம் ஊரில் கிரிம்ப் என்ற பெயரில் கட்டிங் பிளேயரால் கடித்து விடுகிறார்கள். ஈரம் ஏறிப் பச்சை பூத்துப் போய்விடுகிறது. அதைவிடச் சால்டர் ஆயிரம் மடங்கு மேல்.

நான்காவதுகியர் | இரவு 10:09

பிளேயரால் கடிப்பதைக் கிரிம்ப் என்று யார் சொன்னது? அதற்கென்று கருவி இருக்கிறது, அளவுக்கேற்ற ஸ்லீவ் இருக்கிறது. கருவி இல்லாதவன் செய்த வேலையைக் காட்டி முறையைப் பழிக்கக் கூடாது.

மூத்தஓட்டுநர் | இரவு 10:20

இருவருக்கும் அடிப்படை தெரியவில்லை. பழைய வண்டிக்கு இந்த அலங்காரமே தேவையில்லை. நான்கு குமிழ்களை அழுத்தக் கை வலிக்கிறதா? கிட்டையே கழற்றி எறியுங்கள்.

மழைக்காலம் | இரவு 10:26

என் மனைவி இரவுப் பணி முடிந்து தனியாக வண்டி ஓட்டி வருகிறார் ஐயா. ஏறியதும் ஒரே அழுத்தில் நான்கு கதவும் பூட்டிக்கொள்வது அலங்காரம் அல்ல. இருக்கையிலிருந்து எழாமல் பின்கதவுக் குமிழை எட்ட முடியாது.

கரூர்வாசி | இரவு 10:44

சால்டரா கிரிம்பா என்பதைவிட இணைப்பு எங்கே இருக்கிறது என்பதுதான் முக்கியம். கீலின் குறுக்கே எந்த இணைப்பும் வேண்டாம். தூணின் உள்ளே ஓரிடம், கதவின் உள்ளே ஓரிடம் வெட்டி, நடுவில் மெல்லிய இழைகள் நிறைந்த, வளைந்துகொடுக்கும் புது ஒயரை ஒரே நீளமாகப் போடுங்கள். இணைப்பு அசையாத இடத்தில் இருந்தால் ரேடியோக்கடை அண்ணன் சொல்லும் சால்டரும் நிற்கும், கிரிம்பும் நிற்கும். இரண்டு துளைகளிலும் கிராமெட் போடுங்கள். கதவை முழுதாகத் திறந்தாலும் ஒயர் விறைக்காத அளவுக்குத் தொய்வு விடுங்கள். ஐந்து ஒயர்களும் அதே விளிம்பில் தேய்ந்தவை. ஒன்றை மட்டும் மாற்றாமல் ஐந்தையும் மாற்றிவிடுங்கள்.

ரேடியோக்கடை | இரவு 10:50

அசையாத இடம் என்றால் எனக்கும் சம்மதம்.

நான்காவதுகியர் | சனி, காலை 8:15

தம்பி, நல்லபடியாகக் கிளம்பினீர்களா?

மழைக்காலம் | திங்கள், இரவு 7:30

ஆளைக் காணோமே. பழனி போய் வந்தாயிற்றா?

சேலத்துச்சக்கரம் | வியாழன், இரவு 9:05

போய் வந்தோம். நேற்று எலக்ட்ரீஷியனை வைத்துப் பார்த்தேன். தூண் துளையில் கிராமெட் இல்லை. பழுப்பு ஒயரில் செம்பு தெரிந்தது. ஐந்தையும் மாற்றியாயிற்று. பின்கதவில் கிளாம்ப் ஸ்க்ரூதான். எல்லோருக்கும் நன்றி.

குளத்தோரம் | வெள்ளி, காலை 10:12

எனக்கும் இதே தொல்லை, ஆனால் ரிமோட் உள்ள கிட். கதவு திறந்திருந்தாலும் தானாகத் திறக்கிறது. இதே வழிதானா?

கரூர்வாசி | காலை 10:30

இல்லை. முதலில் ரிமோட்டின் பேட்டரியைக் கழற்றி வைத்துவிட்டு ஒரு நாள் பாருங்கள். பொத்தான் உள்ளே சிக்கியிருந்தாலும் இப்படி நடக்கும். தொல்லை அப்படியே நீடித்தால் ஓட்டுநர் கதவு ஆக்சுவேட்டரின் சுவிட்சைச் சோதியுங்கள். என்ன வண்டி, எந்த ஆண்டு என்பதோடு தனிக் கேள்வியாக எழுதுங்கள்.