தடைக்காலத்து ஐஸ் ஹாக்கி: வடசென்னை உறுப்பினர்கள் தத்தம் பகுதியின் பெயரில் எழுதிய அனுபவங்கள்

காசிமேடு

எங்கள் வீட்டில் ஸ்டான்லி கோப்பையும் மீன்பிடித் தடைக்காலமும் கைகோத்துக்கொண்டு வரும். கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கடலுக்குப் போகக் கூடாது. அந்தக் கோப்பைக்காக வட அமெரிக்காவின் என்.எச்.எல். ஐஸ் ஹாக்கி லீக் நடத்தும் ‘பிளே-ஆஃப்’ என்ற இறுதிக்கட்ட ஆட்டங்களும் ஏப்ரல் நடுவில் தொடங்கி ஜூனில்தான் ஓய்கின்றன. அமெரிக்கக் கிழக்குக் கரையில் இரவு எட்டு மணிக்கு ஆட்டம் என்றால் நமக்குக் காலை ஐந்தரை. தொழிலுக்குப் போகாத நாளிலும் எனக்கு அந்நேரத்துக்கு விழிப்பு வந்துவிடும். தங்கையைக் கனடாவின் எட்மண்டனில் கட்டிக்கொடுத்திருக்கிறோம். மாப்பிள்ளைக்கு அந்த ஊர் ஆயிலர்ஸ் அணி உயிர். 2024 தடைக்காலம் முழுவதும் அவர்தான் எனக்கு இந்த ஆட்டத்தின் நெளிவுசுளிவுகளைச் சொல்லிக்கொடுத்தார்.

மொத்தம் 32 அணிகள். அந்த ஆண்டு வழக்கமான பருவத்தில் ஆளுக்கு 82 ஆட்டம்; அது முடிந்ததும் பாதி அணிகள் வீட்டுக்குப் போகும், 16 அணிகள் மிஞ்சும். வென்றால் 2 புள்ளி, கூடுதல் நேரத்தில் தோற்றால் 1 புள்ளி. கிழக்கு, மேற்கு என இரண்டு பெரும்பிரிவு. ஒவ்வொன்றுக்குள்ளும் இரண்டு உட்பிரிவு. ஒவ்வொரு உட்பிரிவிலும் முதல் மூன்று அணிகள் நேராக உள்ளே வரும். பிறகு பெரும்பிரிவுக்கு இரண்டு ‘வைல்டு கார்டு’ இடங்கள். எந்த உட்பிரிவு என்று பாராமல், மிஞ்சியவர்களில் அதிகப் புள்ளி எடுத்தவர்களுக்கு அவை போகும். உட்பிரிவில் முதலிடம் பிடித்தவர் வைல்டு கார்டு அணியோடு மோதுவார், இரண்டாமவர் மூன்றாமவரோடு. அந்த ஆண்டு பசிபிக் உட்பிரிவில் வான்கூவர் முதலிடம், எட்மண்டன் இரண்டு, லாஸ் ஏஞ்சலஸ் மூன்று. வான்கூவர் நாஷ்வில்லை வீழ்த்தியது, எட்மண்டன் லாஸ் ஏஞ்சலஸை வீழ்த்தியது. அடுத்த சுற்றில் இரண்டும் முட்டிக்கொண்டன.

நல்ல அணிகள் முன்கூட்டியே ஒன்றையொன்று வெளியேற்றிவிடுகின்றன என்று இந்த முறையைக் குறை சொல்கிறவர்கள் அங்கே நிறைய. எனக்கு இது பிடித்திருக்கிறது. 2022 முதல் 2025 வரை நான்கு ஆண்டும் முதல் சுற்றில் எட்மண்டனும் லாஸ் ஏஞ்சலஸும்தான் சந்தித்தன. பக்கத்துப் பேட்டைக்காரனோடு மோதும்போது வரும் சூடு தூரத்துக்காரனிடம் வராது.

இதில் உயிர்நாடி என்று நான் நினைப்பது ஏழு ஆட்டத் தொடரை. நான்கு சுற்றிலும் அப்படித்தான்: ஒரே எதிரி, ஏழு ஆட்டம் வரை, முதலில் நான்கு வென்றவர் மேலே போவார். ஆக, கோப்பைக்கு 16 வெற்றி. நம் பகுதிப் போட்டிகளில் தோற்றால் அன்றோடு சரி, பையைத் தூக்கிக்கொண்டு கிளம்ப வேண்டியதுதான். அங்கே தோற்றவன் ஒருநாள் விட்டு அதே ஆட்களின் முகத்தில் மறுபடி விழிக்க வேண்டும். யார் எந்தப் பக்கம் திரும்புவான், கோல்கீப்பர் எந்தத் தோளுக்கு மேல் இடம் விடுவார் என்பதெல்லாம் மூன்றாம் ஆட்டத்துக்குள் இரு தரப்புக்கும் மனப்பாடமாகிவிடும். ஒளித்துவைக்க எதுவும் இல்லாதபோது யார் தாக்குப்பிடிக்கிறார்கள் என்பதைத்தான் அதன்பிறகு பார்க்கிறோம்.

எட்மண்டன் வான்கூவரை ஏழு ஆட்டத்திலும் டல்லஸை ஆறு ஆட்டத்திலும் வென்று இறுதிக்கு வந்தது. எதிரே ஃப்ளோரிடா பேந்தர்ஸ். முதல் ஆட்டம் 3-0, இரண்டாவது 4-1, மூன்றாவது 4-3, மூன்றும் ஃப்ளோரிடாவுக்கு. அந்த மூன்றாவது ஆட்டம் நமக்கு ஜூன் 14 விடியற்காலை. அன்று துறைமுகம் முழுக்கத் திருவிழாக் கூட்டம். டீசல் ஏறுகிறது, அரிசி மூட்டை ஏறுகிறது, ஐஸ் கட்டிகளை உடைத்துப் படகின் அடியறைக்குள் கொட்டுகிறார்கள். மாப்பிள்ளைக்கு அழைத்தேன். “விடுங்க மச்சான், முடிந்துவிட்டது” என்றார். இறுதிப் போட்டியில் 0-3 என்று விழுந்து எழுந்து கோப்பையை எடுத்த அணி 1942இல் டொரண்டோ ஒன்றுதான். தடை நீங்கிய இரவில் நாங்கள் புறப்பட்டோம்.

ஆழ்கடலில் கைபேசிக்கு வேலை இல்லை. வலையை விடுவதும் இழுப்பதுமாக நாட்கள் போயின. திரும்பி வரும்போது கரை விளக்குகள் தெரியத் தொடங்கிய இடத்தில் சிக்னல் கிடைத்தது; வாட்ஸ்ஆப் செய்திகள் வரிசையாக விழுந்தன. 8-1. 5-3. 5-1. மூன்றும் எட்மண்டனுக்கு. தொடர் 3-3. மீன் கூடையைப் பிடித்துக்கொண்டிருந்த பையனிடம் அதைக் காட்டினேன். அவனுக்கு ஒன்றும் புரியவில்லை, ஆனால் என்னோடு சேர்ந்து சத்தம் போட்டான்.

ஏழாவது ஆட்டத்தை எட்மண்டன் 2-1 என்று தோற்றது. பிளே-ஆஃப் முழுவதற்கும் சிறந்த வீரருக்கான கான் ஸ்மைத் விருது தோற்ற அணியின் கானர் மெக்டேவிட்டுக்குப் போனது. அதை வாங்கிக்கொள்ள அவர் களத்துக்கு வரவில்லை. அது சரியான செயல் என்றே இன்றும் நினைக்கிறேன்.

எண்ணூர்

அண்ணே, ஏழு ஆட்டமும் யார் ஊரில் நடக்கும்?

காசிமேடு

வழக்கமான பருவத்தில் அதிகப் புள்ளி எடுத்தவர் ஊரில் முதல் இரண்டு, மற்றவர் ஊரில் அடுத்த இரண்டு, பிறகு மாறி மாறி ஒவ்வொன்று. ஏழாவது வரை போனால் அது அதிகப் புள்ளிக்காரர் ஊரில்தான். முதல் சுற்றிலும் இரண்டாவது சுற்றிலும் மட்டும் உட்பிரிவில் மேலே முடித்தவருக்கு அந்தச் சலுகை. எட்மண்டனுக்கும் ஃப்ளோரிடாவுக்கும் இடையே 4,000 கிலோமீட்டருக்கு மேல். அந்த இறுதியில் இரண்டு அணிகளும் விமானத்தில்தான் குடியிருந்தன.

வியாசர்பாடி

காசிமேட்டு அண்ணன் எழுதியதில் கூடுதல் நேரம் விடுபட்டிருக்கிறது. நான் பெண்பிள்ளைகளுக்குக் கால்பந்து சொல்லிக்கொடுக்கிறேன். எனக்கு அதுதான் முக்கியம்.

2025 ஏப்ரலில் டொரண்டோவின் ஸ்கார்பரோ பகுதியில் மகன் வீட்டில் இருந்தேன். டொரண்டோவும் ஒட்டாவாவும் முதல் சுற்றில் மோதின. இரண்டாவது, மூன்றாவது, நான்காவது ஆட்டங்கள் மூன்றும் கூடுதல் நேரத்துக்குப் போயின. வழக்கமான பருவத்தில் சமநிலை என்றால் பக்கத்துக்கு மூன்று பேரை வைத்து 5 நிமிடம் ஆடுவார்கள். அதிலும் தீராவிட்டால் நம் பெனால்டி முறைபோல ஷூட்-அவுட். பிளே-ஆஃபில் இதெல்லாம் கிடையாது. கோல்கீப்பர் போகப் பக்கத்துக்கு ஐந்து பேர், முழு 20 நிமிடம். முதல் கோல் விழுந்த நொடியில் ஆட்டம் முடிந்தது. விழவில்லையா, இன்னொரு 20 நிமிடம். வரம்பே இல்லை.

இந்த விதியை நான் மனதார மதிக்கிறேன். எங்கள் பிள்ளைகள் முழு ஆட்டமும் உயிரைக் கொடுத்து ஆடுவார்கள். கடைசியில் பெனால்டி, ஒரே ஒரு சிறுமியின் காலில் எல்லாம் வந்து நிற்கும். தவறவிட்ட பிள்ளையைத் தேற்றி வீட்டுக்கு அனுப்புவதைப் போலக் கொடுமையான வேலை எதுவும் இல்லை. ஐவரும் கோல்கீப்பருமாகச் சேர்ந்து தொடங்கியதை அவர்களே சேர்ந்து முடிக்கட்டும் என்று விடுவதுதான் நியாயம்.

அதற்கு விலையும் உண்டு. 1936 மார்ச் 24 அன்று மான்ட்ரியலில் டெட்ராய்ட்டும் மான்ட்ரியல் மரூன்ஸும் ஆடிய ஆட்டம் கோல் இல்லாமல் ஆறாவது கூடுதல் பகுதிவரை இழுத்தது. 116 நிமிடம் 30 நொடி கூடுதல் நேரம் ஆடியபிறகு மட் புரூனெட்டோ அடித்த ஒரே கோலில் டெட்ராய்ட் வென்றது. அதைவிட நீண்ட ஆட்டம் இன்றுவரை என்.எச்.எல்லில் இல்லை. 2020இல் கொலம்பஸ் கோல்கீப்பர் யோனாஸ் கோர்பிசாலோ ஒரே ஆட்டத்தில் 85 முறை தடுத்தார், ஐந்தாவது கூடுதல் பகுதியில் டாம்பா பேயிடம் தோற்றார். அந்த எண்ணை எங்கள் கோல்கீப்பர் பெண்ணிடம் சொன்னேன். கையுறையைக் கழற்றிவிட்டுச் சற்று நேரம் என்னையே பார்த்தாள். “அவருக்கு மறுநாள் ஆட்டம் இருந்ததா மிஸ்?” என்று கேட்டாள். ஒருநாள் விட்டு இருந்தது.

ஒட்டாவாவைப் பற்றிச் சொல்ல வந்தேன். ஆறாவது ஆட்டத்தில் டொரண்டோ தொடரை முடித்தது. அதன்பின் இரண்டு அணிகளும் பனித்தளத்தின் நடுவில் எதிரெதிராக வரிசை கட்டி, ஒவ்வொருவராகக் கை குலுக்கிக்கொண்டு நகர்ந்தன. கொஞ்ச நேரத்துக்கு முன்பு தடுப்புப் பலகையோடு வைத்து நசுக்கியவனின் காதருகே குனிந்து ஏதோ சொல்கிறார்கள். ஒருவருக்குப் பல் விழுந்த இடத்தில் ரத்தம் காயவில்லை, அவரும் சிரித்தார். தொடர் முடியும் நாளில் மட்டும்தான் இப்படி. இடையில் எத்தனை ஆட்டம் முடிந்தாலும் கை கொடுப்பதில்லை. இதைத்தான் எங்கள் பிள்ளைகளுக்குக் காட்ட ஆசைப்பட்டேன், காட்டினேன்.

ராயபுரம்

நான் கடல் உணவு ஏற்றுமதி செய்யும் இடத்தில் கடம்பா, ஆக்டோபஸ் தரம் பிரிக்கும் பகுதியில் மேற்பார்வை பார்க்கிறேன். வெளிநாட்டிலிருந்து சரக்குப் பார்க்க வருகிறவர்கள் பொதுவாக வெப்பநிலை அட்டையைத்தான் முதலில் கேட்பார்கள். டெட்ராய்ட்காரர் ஒருவர் வந்தார். நேரே ஆக்டோபஸ் தட்டுக்குப் போய்க் கையுறைக் கையால் ஒன்றைத் தூக்கிப் பிடித்து, கால்களை ஒவ்வொன்றாக எண்ணத் தொடங்கிவிட்டார். கூட நின்ற பெண்கள் வேலையை நிறுத்திவிட்டு வேடிக்கை பார்த்தார்கள். எட்டு என்றதும்தான் கதையைச் சொன்னார்.

1952இல் பிளே-ஆஃப் இரண்டே சுற்று. ஒவ்வொன்றிலும் நான்கு வெற்றி, ஆக எட்டு வென்றால் கோப்பை. டெட்ராய்ட்டில் மீன் கடை வைத்திருந்த பீட், ஜெர்ரி குசிமானோ என்ற சகோதரர்கள், காலுக்கு ஒரு வெற்றி என்று ஓர் ஆக்டோபஸைக் கொண்டுபோய் ஆட்டம் நடக்கும் பனித்தளத்தில் வீசினார்கள். டெட்ராய்ட் அந்த ஆண்டு ஓர் ஆட்டம்கூடத் தோற்காமல் எட்டையும் வென்றது. அன்றிலிருந்து அந்த ஊர் ரசிகர்கள் வீசிக்கொண்டே இருக்கிறார்கள். அது நடந்த தேதி ஏப்ரல் 15 என்று அவர் சொன்னதும், “எங்களுக்கு அன்றைக்குத்தான் படகெல்லாம் கட்டிவிடுவோம்” என்றேன். மிகவும் ரசித்தார்.

மீன் வியாபாரிகள் தங்கள் அணிக்காகத் தங்கள் கடையிலிருந்தே ஒன்றை எடுத்துக்கொண்டு போனது எனக்கு மிகவும் பிடித்துவிட்டது. இப்போது 16 வெற்றி வேண்டுமே, இரண்டு வீசுவீர்களா என்று கேட்டேன். ஒன்றே போதும் என்றார், ஆனால் அதை வேகவைத்துவிட்டு எடுத்துப் போக வேண்டுமாம். பச்சையாக வீசினால் பனியில் ஒட்டிக்கொள்ளும். வெந்தது நன்றாக உருண்டு போகும்.